சிலந்திச் சிற்றுண்ணி (மரக்கறிப் பயிர்களில்)

சிலந்திச் சிற்றுண்ணி, டெட்ரானிக்கிடே குடும்பத்தைச் சேர்ந்த சாறுறிஞ்சி. இது பூச்சியன்று, சிலந்தியின் இனமான எட்டுக்கால் உயிரி. மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே, வெல்லாவெளியை உள்ளடக்கிய படுவான்கரையில் பயிராகும் கத்தரி, வெண்டி, பயிற்றை ஆகியன இதற்கு விருந்துவழங்கிகள். 1836இல் கோக் விவரித்த டெட்ரானிகஸ் உர்ட்டிகே உலகெங்கும் பரவிய இனம். 1,000க்கும் மேற்பட்ட தாவரங்களில் வாழ்கிறது.

பெருகும் காலம்

பெரும்போக மழை இலைகளைக் கழுவுவதால் இதன் தொகை குறையும். சிறுபோகத்தில் கச்சான் காற்று வெக்கையுடன் வீசும் மாதங்கள் இதற்கு வாய்ப்பானவை. 30 பாகை செல்சியஸ் அளவில், முட்டை ஏறத்தாழ பத்து நாளுக்குள் முதிர்நிலை அடையும். கருவுறாத முட்டைகளும் ஆணாகப் பொரிக்கும். எனவே ஒரு பெண் ஒட்டினாலே கூட்டம் உருவாகிவிடும். குளிர்நாட்டு ஊசியிலை மரங்களைத் தாக்கும் ஒலிகோனிகஸ் உனுன்குயிஸ் இதற்கு மாறானது: குளிர்ந்த வசந்தத்திலும் இலையுதிர் காலத்திலும் பெருகிக் கோடையில் ஓய்ந்துவிடும். மலைநாட்டுத் தேயிலையின் செஞ்சிற்றுண்ணி அதே பேரினத்தைச் சேர்ந்தது.

அடையாளம்

இலையின் மேற்பரப்பில் ஊசி குத்தியது போன்ற வெளிர்புள்ளிகள் தோன்றும். பின்னர் இலை வெண்கல நிறமாகி உதிரும். அடிப்பரப்பில் நடுநரம்பை ஒட்டி மெல்லிய வலையும், அதற்குள் அரை மில்லிமீற்றர் அளவான சிற்றுண்ணிகளும், உருண்டையான முட்டைகளும் இருக்கும். வெள்ளைத் தாளின் மேல் இலையைத் தட்டினால் விழும் துகள்களில் சில மெல்ல ஊரும். பத்து மடங்கு உருப்பெருக்கும் கைவில்லையில் கால்கள் தெரியும்.

மிளகாயில் இலை கீழ்நோக்கிச் சுருண்டு, வலை இல்லாதிருந்தால் அது பெரும்பாலும் மஞ்சள் சிற்றுண்ணி. மேல்நோக்கிச் சுருண்டால் இலைப்பேன்.

கட்டுப்பாடு

இதைப் பூச்சியென எண்ணி பைரித்ரொயிட் வகை மருந்தை அடிப்பதே பல இடங்களில் தாக்கத்தைப் பெருக்குகிறது. அம்மருந்து, சிற்றுண்ணியைத் தின்னும் ஸ்டெதோரஸ் வண்டையும் இரைகௌவிச் சிற்றுண்ணிகளையும் கொன்றுவிடும். வலைக்குள் இருப்பவை தப்பி, எதிரியின்றிப் பெருகும்.

தொடக்கத்தில் தாக்குண்ட இலைகளைக் கிள்ளி அழித்து, இலையின் அடிப்புறம் நனையும்படி நீரை விசையுடன் பீச்சுவது நல்லது. புழுதி படியும் வீதியோர வரம்புகளை முதலில் கவனிக்க வேண்டும். அடுத்து வேப்பெண்ணெய்க் கரைசல் தெளிக்கலாம். கந்தகத்தூளும் தெளிக்கலாம்; ஆனால் கடும் வெயிலில் தெளித்தால் இலை கருகும். பூசணிக் குடும்பப் பயிர்களுக்கு இந்த ஆபத்து அதிகம். எண்ணெய்க் கரைசலுக்கும் கந்தகத்துக்கும் இடையே இரு வாரமாவது விட வேண்டும்.

இவற்றுக்கும் அடங்காவிடில், விவசாயப் போதனாசிரியரின் ஆலோசனையுடன் சிற்றுண்ணிக்கொல்லியைப் பயன்படுத்தலாம். டெட்ரானிகஸ் உர்ட்டிகே உலகளவில் 90க்கும் மேற்பட்ட செயற்பொருள்களுக்கு எதிர்ப்பை வளர்த்துள்ளது. ஆகவே ஒரே வகை மருந்தைத் திரும்பத் திரும்ப அடிக்காமல், செயற்படும் விதம் வேறான மருந்துகளை மாற்றி அடித்து, சிட்டையிலுள்ள அறுவடை இடைவெளியைக் கடைப்பிடிக்க வேண்டும்.