சாயலும் வனப்பும்: யவனர் சிற்பச் சொற்களும் தமிழ் வழக்கும்

சிற்பம் காணக் கண் போதும். கண்டதைப் பிறர்க்கு உணர்த்தச் சொல் வேண்டும். சோழர் காலத்துச் செப்புத் திருமேனிகள் உலகெங்கும் பாராட்டப்பெறும் இந்நாளில், அவற்றின் அழகைத் தமிழில் எடுத்துரைக்கப் புகுவோர் பெரும்பாலும் 'நளினம்' என்னும் ஒரு சொல்லோடு அமைந்துவிடுகின்றனர். நிமிர்ந்து நிற்கும் திருமாலும் நளினம். இடை வளைந்து நிற்கும் உமையும் நளினம். தூக்கிய திருவடியோடு ஆடும் கூத்தப்பிரானும் நளினம். வேறுபட்ட மூன்றனை ஒரே சொல்லால் குறிக்குங்கால், அவற்றிடையே உள்ள வேறுபாடே நம் கண்ணுக்குத் தப்பிவிடுகின்றது. அச்சொல்தானும் தாமரையைக் குறிக்கும் வடசொல். மென்மையையும் ஒயிலையும் குறித்தது பிற்கால வழக்கு.

இக்குறை தமிழ்மொழியின் குறையா, அன்றித் தமிழராகிய நம் மறதியா என்பதே இக்கட்டுரையில் ஆராயப்படும் பொருள். சிற்பத்தையும் அதனைப் பற்றிய சொற்களையும் ஒருங்கே வளர்த்தவர் பழங்கிரேக்கர். நம் முன்னோர் யவனர் என்று வழங்கிய அம்மக்களின் சொல்வழக்கை ஒப்புநோக்கின் நமது நிலை தெளிவாகும்.

மதுரையில் யவனப் பாவை

யவனர் என்னும் பெயர் அயோனியா என்னும் கிரேக்க நிலப்பகுதியின் பெயரிலிருந்து வந்தது. பின்னர் அது உரோமப் பேரரசிலிருந்து வந்த வணிகரையும் வினைஞரையும் பொதுவாகக் குறிப்பதாயிற்று. முல்லைப்பாட்டு யவனரைப் பாசறைக் காவலராகக் காட்டுகின்றது. மணிமேகலை யவனத் தச்சரைப் பிற நாட்டு வினைஞரோடு சேர்த்துச் சொல்கின்றது. நம் பொருளுக்கு நேரே உதவுவது நக்கீரர் பாடிய நெடுநல்வாடை. பாண்டியன் அரண்மனையில் யவனர் செய்த பாவையொன்று கையில் அகலேந்தி நிற்க, அதில் நெய் நிறைத்துத் திரிகொளுத்திய காட்சி அதன்கண் வருகின்றது.

இது வெறும் புனைவன்று எனக் கருதற்கு இடமுண்டு. மேல்நாட்டு வெண்கலப் படிமங்கள் இந்நாட்டிற்கு வந்துள்ளன என்பதற்கு, மராட்டிய மாநிலத்துக் கோலாப்பூரில் கிடைத்த பொசைடன் என்னும் கடல்தெய்வத்தின் சிறு வெண்கலப் படிமம் சான்று. இங்கிருந்து மேற்கே சென்றதற்கு, 1938இல் பாம்பேய் நகர அகழ்வில் கிடைத்த இந்தியத் தந்தப் பாவை சான்று. ஆதலின் பாண்டியர் மாளிகையில் யவனப் பாவை நின்றது வியப்பன்று.

நக்கீரர் அப்பாவையைப் பாராட்டும் முறை ஈண்டு நோக்கத்தக்கது. அவர் அதனை 'வினைமாண்' பாவை என்கின்றார். வேலைப்பாட்டின் மாட்சியைப் புகழ்கின்றார். சாயல் முதலிய சொற்களால் பெண்டிரின் அழகை நுணுகிக் கூறிய சங்கப் புலவர் மரபில் வந்தவர், பாவைக்கு அச்சொற்களுள் ஒன்றையும் ஈயவில்லை. செய்தவனின் திறம் வேறு, உருவின்கண் தோன்றும் மென்மை வேறு என்னும் தெளிவு அங்கே இருப்பதாகக் கொள்ளலாம். இத்தெளிவைக் கிரேக்கரும் பெற்றிருந்தனர்.

கோலும் நூலும்

கி.மு. ஐந்தாம் நூற்றாண்டினரான பாலிக்ளிடஸ் என்னும் சிற்பி மனித உருவின் அளவுகளைப் பற்றி நூலொன்று எழுதினார். அதன் பெயர் 'கானோன்'. அச்சொல்லின் முதற்பொருள் நேரான கோல், அளவுகோல் என்பதாகும். நூல் மறைந்துவிட்டது, எனினும் அதன் கருத்தைக் கி.பி. இரண்டாம் நூற்றாண்டு மருத்துவராகிய கேலன் எடுத்துரைத்துள்ளார். விரலுக்கு விரல், விரல்களுக்கும் உள்ளங்கைக்கும் மணிக்கட்டிற்கும், அவற்றிற்கும் முன்கைக்கும், முன்கைக்கும் மேற்கைக்கும் என, உறுப்புகள் ஒன்றற்கொன்று அளவொத்து நிற்பதிலேயே அழகு உளது என்பது அக்கருத்து. இவ்வளவொப்பினைக் கிரேக்கர் 'சிம்மெத்ரியா' என்றனர்.

கோலின் பெயர் நூலின் பெயரானது அங்கே. நம் மொழியிலோ, தச்சன் மரத்தில் இடும் நூலே கற்றோர் இயற்றும் நூலுக்கும் பெயராயிற்று. மரத்தின் கோணலைத் தீர்ப்பதுபோல மனத்தின் கோணலைத் தீர்ப்பது நூல் என்று நன்னூற் பாயிரம் இதற்குக் காரணம் காட்டும். நெடுநல்வாடையில் யவனப் பாவை நிற்கும் அதே அரண்மனையை, நூலறிந்த வல்லுநர் கயிறிட்டுத் திசை கண்டு வகுத்ததாக நக்கீரர் பாடுகின்றார். அளவே அழகின் முதற்படி என்பதை இருமொழியாரும் ஒருவரையறியாது ஒருவர் கண்டனர். இதனைக் கடன் என்று கூறுதற்குச் சான்றில்லை. கைவினையின் இயல்பு எங்கும் ஒன்றாயிருப்பதே காரணம் எனலாம்.

நம் சிற்பியர் கையாளும் அளவுமுறைக்குத் தாளம் என்று பெயர். முகத்தின் நீளத்தை அடிப்படையாகக் கொண்டு மேனி முழுதும் வகுக்கப்பெறும். உத்தம தசதாளத்தில் 124 அங்குலமும், தேவியர்க்குரிய மத்திம தசதாளத்தில் 120 அங்குலமும் கணக்கிடுவர். சுவாமிமலைத் தபதியர் தென்னையோலையை மடித்து இவ்வளவைக் குறித்துக்கொள்வது இன்றும் காணத்தக்கது. பாலிக்ளிடஸ் உயிர்பெற்று வரின் அவ்வோலையின் பயனை யாரும் விளக்க வேண்டியதில்லை.

அளவைக் கடந்த ஒன்று

ஆயினும் அளவு ஒன்றே அழகாகாது என்பதை அறிந்தவரும் கிரேக்கரே. அளவிற்கு மேல் நின்று உள்ளத்தைக் கவரும் இனிமையை அவர்கள் 'காரிஸ்' என்றனர். கி.மு. முதல் நூற்றாண்டின் இறுதியில் உரோம் நகரில் வாழ்ந்த டயனீசியஸ் என்னும் திறனாய்வாளர், இரு சொற்பொழிவாளரைச் சிற்பியரோடு ஒப்பிட்டார். ஐசாக்ரடீஸின் நடை, பாலிக்ளிடஸ், பிடியாஸ் ஆகியோர் சிற்பம்போல் வீறும் பெருமிதமும் உடையது. லைசியஸின் நடை, காலமிஸ், கல்லிமாகஸ் ஆகியோர் சிற்பம்போல் நுண்மையும் காரிஸும் உடையது என்பது அவர் முடிபு. சிற்பத்திற்குரிய சொல் உரைநடைக்கும் உரியதாயிற்று.

இங்கே ஒரு முரண் எழுகின்றது. டயனீசியஸ் பாராட்டிய கல்லிமாகஸையே, கி.பி. 79இல் மறைந்த பிளினி வேறுவிதமாக மதிப்பிடுகின்றார். தம் படைப்பில் என்றும் குறைகண்டு ஓயாது திருத்திக்கொண்டேயிருந்தவர் அவர் என்றும், அவர் செய்த ஆடும் மகளிர் படிமங்கள் பிழையற்றவை எனினும், மிகு கவனத்தால் அழகின் இனிமையை முற்றும் இழந்தன என்றும் பிளினி எழுதுகின்றார். அப்பெல்லஸ் என்னும் ஓவியரும், பிறர் ஓவியங்களில் எல்லாம் உண்டு, காரிஸ் ஒன்றே இல்லை என்று கூறியதாக அவர் நூலிலேயே காண்கின்றோம். படத்தினின்று கையை எடுக்கும் நேரம் அறிதலே தம் மேன்மை என்றாராம் அப்பெல்லஸ். அளவைக் கற்பிக்கலாம், காரிஸைக் கற்பிக்க இயலாது என்பது இவற்றால் பெறப்படும்.

பிளினி மற்றொன்றும் கூறுகின்றார். லைசிப்பஸ் என்னும் சிற்பி சிம்மெத்ரியாவைப் பேணினார் என்று எழுதவந்தவர், அச்சொல்லுக்கு இலத்தீனில் பெயரில்லை என்று வெளிப்படையாகச் சொல்லிவிட்டுக் கிரேக்கச் சொல்லையே ஆள்கின்றார். இல்லாத சொல்லை இல்லை என்ற நேர்மை போற்றத்தக்கது. ஆனால் இருக்கும் சொல்லை இல்லை என்று கருதுவது வேறு. தமிழர் நிலை இரண்டாவதே என்று நாம் கருதுகின்றோம்.

வனப்பும் சாயலும்

தொல்காப்பியச் செய்யுளியல், செய்யுளுக்குரிய உறுப்புகளை எண்ணுங்கால், அம்மை, அழகு, தொன்மை, தோல், விருந்து, இயைபு, புலன், இழைபு என்னும் எட்டினை இறுதியில் வைக்கின்றது. இவ்வெட்டும் வனப்பு எனப்படும். பல உறுப்புகள் ஒருங்கு திரண்டவழித் தோன்றும் அழகே வனப்பு என்பது பேராசிரியர் உரையால் பெறப்படும் பொருள். தனி உறுப்பில் காணப்படாது முழுமையில் காணப்படும் அழகு என்னும் இக்கருத்து, பாலிக்ளிடஸின் கருத்தோடு பெரிதும் ஒத்திருத்தல் வெளிப்படை. செய்யுளின் பகுதிகளை 'உறுப்பு' என்றதே செய்யுளை ஓர் உடலாக நோக்கிய நோக்கினைக் காட்டும். யவனர் சிற்பத்தின் சொல்லை நடைக்குத் தந்தனர். நம்மவர் உடலின் சொல்லைச் செய்யுளுக்குத் தந்தனர். அதனைச் சிற்பத்திற்கு மீட்டுத் தருதல் மட்டுமே எஞ்சிய பணி.

இனிச் சாயல். அதன் பொருள் மென்மை என்று தொல்காப்பிய உரியியல் வரையறுக்கின்றது. ஐம்பொறியாலும் நுகரப்படும் மென்மை அனைத்தும் அதனுள் அடங்கும் என்று உரை மரபு விரிக்கும். மலரின் ஊறும், இன்னிசையின் ஒலியும், மயிலின் நடையும் ஒருங்கே சாயலாகும். கல்லும் செம்பும் தொட்டால் வன்மையுடையன. அவற்றைக் காண்பான் கண் மென்மை என்று உணரும்போது, ஒரு பொறி நுகர்வதை மற்றொரு பொறி மறுக்கின்றது. சிற்பக் கலையின் மருமம் முழுதும் இச்சொல்லில் அடங்கியுள்ளது எனினும் மிகையாகாது. காரிஸ் என்பதற்கு நேரான தமிழ்ச்சொல் தேடுவார்க்கு இதனினும் சிறந்தது கிட்டுதல் அரிது. ஆனால் இன்றைய வழக்கில் 'தந்தையின் சாயல்' என ஒப்புமையைக் குறிக்கும் அளவிற்கு இச்சொல் சுருங்கிவிட்டது.

கொடியும் இடையும்

மூன்றாவது ஒரு சொற்குழுவும் உண்டு, அவை வினைச்சொற்கள். பாலிக்ளிடஸின் படிமங்கள் ஒரு காலில் உடற்பாரத்தைத் தாங்கி நிற்பது அவர்க்கே உரிய புதுமை என்கின்றார் பிளினி. நம் சிற்பநூல்கள் நேரான நிலையைச் சமபங்கம் என்றும், சிறு வளைவை அபங்கம் என்றும், மூன்றிடத்து வளைவைத் திரிபங்கம் என்றும் வகுக்கும். இவை வளைவின் எண்ணிக்கையைச் சொல்லும். வளைவின் தன்மையைச் சொல்லா. தன்மையைச் சொல்வன தமிழ் வினைகளே. தண்டு போல் வளைதல் ஒசிதல். பாரத்தால் தளர்ந்து சாய்தல் ஒல்குதல். கொடிச்சீலைபோல் அசைந்தாடுதல் நுடங்குதல். வலியிழந்து தொய்தல் துவளுதல்.

இச்சொற்கள் பிறந்த இடம் சிற்பக்கூடமன்று, தோட்டமும் வயலுமே. வையைக் கரையிலுள்ள சோழவந்தான் வெற்றிலைக்குப் பேர்பெற்றது. 2023இல் அவ்வெற்றிலை புவிசார் குறியீடும் பெற்றது. அவ்வூர்க் கொடிக்கால்களில் அகத்தியைப் பற்றி ஏறும் வெற்றிலைக் கொடி, பற்றுக்கோடு விட்ட இடத்தில் ஒசிகின்றது, இலைப்பாரம் மிக்க இடத்தில் ஒல்குகின்றது, காற்றில் நுடங்குகின்றது, நீர் இல்லாதவிடத்துத் துவள்கின்றது. நான்கும் நான்கு வேறு நிலைகள். மகளிர் இடைக்குக் கொடியை உவமித்த புலவர் இவ்வேறுபாடுகளைக் கண்ணால் கண்டவர்கள்.

இவற்றைச் செப்புத் திருமேனிக்குப் பொருத்திப் பார்ப்போம். ஒரு காலில் பாரம் தாங்கி நிற்கும் உமையின் மேனி ஒசிந்தது, துவண்டதன்று. தொங்கவிட்ட அவள் கை ஒல்கியது. கூத்தப்பிரான் திருமேனியிலோ விரிந்த சடை நுடங்குகின்றது, முயலகன்மேல் ஊன்றிய கால் வளைந்தும், மேனி சாயாது நிலைத்து நிற்கின்றது, முகம் அசைவற்றுள்ளது. அசைவும் அமைதியும் ஓருருவில் கூடியதே அதன் வியப்பு. இதனை 'நளினம்' என்னும் ஒரு சொல் எங்ஙனம் காட்டும்?

சொல் தேய்வதும் மீள்வதும்

சொற்கள் தேயும் என்பதற்குச் சோழவந்தான் என்னும் ஊர்ப்பெயரே சான்று. எதிர்க்கரையிலுள்ள தென்கரை மூலநாதர் கோயிற் கல்வெட்டுகளில் அது சோழாந்தகச் சதுர்வேதிமங்கலம். சோழன் தலைகொண்ட வீரபாண்டியனோடு தொடர்புடைய 'சோழாந்தகன்' என்னும் பெயர், நாவில் தேய்ந்து 'சோழவந்தான்' ஆயிற்று. பின்னர்ச் சோழன் உவந்தான் என்று புதுப்பொருளும் கற்பிக்கப்பெற்றது. பகைவனின் கூற்றுவன் என்ற பொருள், பகைவன் மகிழ்ந்தான் என்று மாறிய விந்தையைக் கல்வெட்டு இல்லையேல் நாம் அறிந்திருக்க மாட்டோம்.

அவ்வூரிற் பிறந்த அரசஞ்சண்முகனார் (1868–1915) தொல்காப்பியப் பாயிரத்திற்கு விருத்தியுரை வரைந்தவர். ஒரு சொல்லின் பொருளை நிறுவப் பல பக்கம் வாதிடவும் தயங்காதவர். அவருடைய முடிபுகள் அனைத்தையும் ஏற்க வேண்டுவதில்லை. ஆனால் பழஞ்சொல்லைப் பொருள் தெளிந்து ஆளவேண்டும் என்னும் அவர் உறுதி நமக்கு இன்றியமையாதது. இலக்கணச் சொல்லுக்கு அவர் காட்டிய அவ்வுறுதியைக் கலைச்சொல்லுக்கும் நாம் காட்டுதல் வேண்டும்.

இதுகாறும் கூறியவற்றால், அளவிற்குத் தாளமும், முழுமையின் அழகிற்கு வனப்பும், உணரப்படும் மென்மைக்குச் சாயலும், நிலையின் வளைவிற்கு ஒசிதல், ஒல்குதல், நுடங்குதல் முதலியனவும் நம்மிடம் உள்ளன என்பது பெறப்படும். பிளினிக்கு நேர்ந்த வறுமை நமக்கில்லை. தமிழ்த் துறைகளில் சிற்பம் பயில்வோர்க்கு அளவுநூற் சொற்களோடு உரியியலும் செய்யுளியலும் ஒருங்கே கற்பிக்கப்பெறுதல் வேண்டும். திருமேனி ஒன்றன்முன் நிற்கும் மாணவன், 'அழகாயிருக்கிறது' என்று நின்றுவிடாது, எவ்விடத்து ஒசிகின்றது, எவ்விடத்து நிமிர்கின்றது, எதனால் சாயல் தோன்றுகின்றது என்று சொல்லக் கற்பானாயின், அவன் முன்னிலும் நன்றாகக் காணவும் கற்றவனாவான். சொல் வளர்ந்தாலன்றிக் காட்சி வளராது.