பூட்டிய கதவும் பதினைந்து கட்டைகளும்

கணிப்பொறித் திரையில் ஓர் இருண்ட மாளிகை தெரிகிறது. நீங்கள் அதன் தாழ்வாரத்தில் நடந்துகொண்டிருக்கிறீர்கள். பின்னால் காலடி ஓசை கேட்கிறது. எதிரே ஒரு கதவு, பூட்டிக் கிடக்கிறது. கதவின் மேல் ஒரு சதுரப் பலகை. அதில் சிறு சிறு ஓட்டுத் துண்டுகளாக வெட்டப்பட்ட ஒரு முகம். துண்டுகளை நகர்த்தி முகத்தைச் சேர்த்தால்தான் கதவு திறக்கும். நகர்த்துகிறீர்கள், கலைக்கிறீர்கள், மீண்டும் நகர்த்துகிறீர்கள். முகம் சேரவில்லை. காலடி ஓசையோ நெருங்கி வருகிறது!

வில்லியனூர், பாகூர்ப் பக்கத்துச் சிற்றூர்களிலும் இன்று கைபேசியில் இத்தகைய திகில் விளையாட்டுகளை ஆடும் மாணவர்கள் பலர். அவர்களை அதிகம் தடுத்து நிறுத்துவது பேயோ பிசாசோ அன்று; நடுவில் வரும் இந்தச் சின்னப் புதிர்தான். இப்புதிர்கள் எங்கிருந்து வந்தன? இவற்றைத் தாண்டுவது எப்படி? இவ்விரு கேள்விகளுக்கும் விடை ஒன்றே. அதற்கு நாம் ஏறத்தாழ நூற்றைம்பது ஆண்டுகள் பின்னால் செல்ல வேண்டும்.

ஆட்டத்துக்குள் ஓர் ஆட்டம்

திகில் விளையாட்டுகளுக்கு வயது அதிகம் இல்லை. 1982-இல் அட்டாரி நிறுவனம் 'ஹான்டட் ஹவுஸ்' என்ற பேய்வீட்டு விளையாட்டை வெளியிட்டது. 1992-இல் பிரான்சு நாட்டு இன்ஃபோகிராம்ஸ் நிறுவனத்திலிருந்து 'அலோன் இன் த டார்க்' வந்தது. அடுத்த ஆண்டு, 1993-இல், 'த செவன்த் கெஸ்ட்' என்ற விளையாட்டு குறுந்தகட்டில் வெளியாயிற்று. ஸ்டாஃப் என்னும் பொம்மை செய்பவர் கட்டிய பேய்மாளிகைதான் அதன் களம். அறைக்கு அறை ஒரு புதிர். ஒன்றைத் தீர்த்தால்தான் கதை மேலே நகரும்.

அப்புதிர்களில் ஒன்று, சதுரங்கப் பலகையில் எட்டு ராணிகளை ஒன்றையொன்று வெட்டாதபடி வைப்பது. இதைக் கணிப்பொறிக்காரர்கள் கண்டுபிடிக்கவில்லை. 1848-இல் மாக்ஸ் பெத்செல் என்ற ஜெர்மானியர் எழுப்பிய கேள்வி அது. மாபெரும் கணித மேதை காஸும் அதில் ஈடுபட்டார். அதற்கு 92 விடைகள் உண்டு. ஆக, திரை புதிது; திரைக்குள் இருக்கும் பூட்டு பழையது. பூட்டுப் பழையது என்றால் சாவியும் பழையதுதானே?

கொம்யூன் பிறந்த ஆண்டில் ஒரு பித்து

1880-ஆம் ஆண்டைப் புதுவை மக்கள் எளிதில் மறக்க மாட்டார்கள். அவ்வாண்டு பிரெஞ்சு அரசின் ஆணைப்படி பிரெஞ்சிந்தியாவில் கொம்யூன்கள் அமைக்கப்பட்டன. வில்லியனூரும் பாகூரும் அவற்றுள் அடங்கும். பிரெஞ்சு ஆட்சி 1954-இல் நீங்கிய பின்னும், இன்று வரை 'கொம்யூன் பஞ்சாயத்து' என்றே அவற்றை அழைக்கிறோம்.

அதே 1880-இல் அமெரிக்காவையும் ஐரோப்பாவையும் ஒரு விளையாட்டுப் பித்து ஆட்டிப்படைத்தது. ஒரு சிறு பெட்டி. அதில் 1 முதல் 15 வரை எண்ணிட்ட பதினைந்து கட்டைகள். பதினாறாவது இடம் காலி. கட்டைகளைத் தூக்கக் கூடாது. காலியிடத்துக்கு நகர்த்த மட்டும் செய்யலாம். கலைந்த எண்களை வரிசைப்படுத்த வேண்டும். பிரெஞ்சுக்காரர்கள் இதற்குச் 'சீண்டுவது' என்ற பொருளில் 'தக்கேன்' என்று பெயரிட்டனர். நம் திகில் மாளிகைக் கதவில் உள்ள முகப்பலகை இதன் வாரிசேயாகும்.

இதைக் கண்டுபிடித்தவர் நியூயார்க் மாநிலத்தின் கானஸ்டோட்டா என்ற ஊரில் அஞ்சல் அதிகாரியாக இருந்த நோய்ஸ் சாப்மன். ஆனால் சாம் லாயிட் என்ற புதிர் எழுத்தாளர் அது தன்னுடையது என்று பிற்காலத்தில் சொல்லிக்கொண்டார். உலகமும் நெடுங்காலம் நம்பியது. லாயிட் ஒரு பரிசையும் அறிவித்தார். எல்லாக் கட்டைகளும் சரியாக இருக்கும். கடைசி வரிசையில் 14, 15 இரண்டு மட்டும் இடம் மாறியிருக்கும். அதைச் சரிசெய்வோருக்கு 1,000 டாலர்! எத்தனையோ பேர் உறக்கம் கெட்டு முயன்றனர். ஒருவருக்கும் பரிசு கிட்டவில்லை.

கிட்டவும் கிட்டாது. ஏன் என்று பாருங்கள்.

தீராப் புதிரின் இரகசியம்

பெட்டியின் பதினாறு இடங்களையும் சதுரங்கப் பலகை போல ஒன்றுவிட்டு ஒன்று கறுப்பு, வெள்ளை என எண்ணிக்கொள்ளுங்கள். ஒவ்வொரு நகர்த்தலிலும் காலியிடம் கறுப்பிலிருந்து வெள்ளைக்கோ, வெள்ளையிலிருந்து கறுப்புக்கோ மாறும். காலியிடம் தொடங்கிய மூலைக்கே திரும்ப வேண்டுமானால், நகர்த்தல்களின் எண்ணிக்கை இரட்டைப்படையாகத்தான் இருக்க முடியும்.

ஒவ்வொரு நகர்த்தலும் ஓர் இடமாற்றம்: கட்டையும் காலியிடமும் தம் இடங்களை மாற்றிக்கொள்கின்றன. எனவே மொத்த இடமாற்றங்களும் இரட்டைப்படை. ஆனால் 14-ஐயும் 15-ஐயும் மட்டும் மாற்றுவது ஒரே ஓர் இடமாற்றம், அது ஒற்றைப்படை. ஒற்றை இடமாற்றங்களால் வரும் அமைப்பை இரட்டை இடமாற்றங்களால் ஒருபோதும் பெற முடியாது என்பது கணித விதி. ஆகவே ஆயிரம் ஆண்டு நகர்த்தினாலும் அது தீராது. ஜான்சன், ஸ்டோரி என்ற இருவர் 1879-இலேயே அமெரிக்கக் கணித இதழில் இதை விளக்கிவிட்டனர். லாயிட் பரிசு அறிவித்தபோது, பணம் கைவிட்டுப் போகாது என்பது அவருக்குத் தெரியும்!

அப்படியானால் திரையில் வரும் புதிரும் தீராததாக இருக்குமோ என்று அஞ்ச வேண்டாம். நிரல் எழுதுவோர் சரியான அமைப்பிலிருந்து தொடங்கி, விதிப்படியே நகர்த்திக் கலைத்தால், அது கட்டாயம் தீரும். வந்த வழியே திரும்பலாம் அல்லவா? எல்லாம் சேர்ந்து, இரண்டு துண்டுகள் மட்டும் இடம் மாறி நின்றால், ஒரே மாதிரி தோன்றும் துண்டுகள் உள்ளனவா என்று தேடுங்கள். இருட்டுப் படங்களில் முற்றிலும் கறுப்பான துண்டுகள் இரண்டு இருப்பதுண்டு. அவற்றை ஒன்றுக்கொன்று மாற்றி வையுங்கள், சிக்கல் அவிழும்.

சேர்க்கும் முறையும் எளிது. முதலில் மேல் வரிசையை முடியுங்கள். பிறகு அதைத் தொடாதீர்கள். வரிசையின் கடைசி இரு கட்டைகள்தாம் முரண்டு பிடிக்கும். 4 இருக்க வேண்டிய மூலையில் 3-ஐ வையுங்கள். அதன் நேர் கீழே 4-ஐ வையுங்கள். 3-க்கு உரிய இடம் காலியாக இருக்கட்டும். இப்போது 3-ஐ இடப்பக்கம் தள்ளி, 4-ஐ மேலே ஏற்றுங்கள். வரிசை முடிந்தது!

காசியில் இல்லாத கோபுரம்

அடுத்த பூட்டு இன்னும் விந்தையானது. மூன்று தண்டுகள், ஒன்றில் பெரியதன் மேல் சிறியதாக வட்டுகள் அடுக்கப்பட்டுள்ளன. ஒரு நேரத்தில் ஒரு வட்டைத்தான் எடுக்கலாம். சிறியதன் மேல் பெரியதை வைக்கக் கூடாது. முழு அடுக்கையும் வேறொரு தண்டுக்கு மாற்ற வேண்டும். 2007-இல் வெளியான 'மாஸ் எஃபெக்ட்' என்ற விண்வெளி விளையாட்டில், பனிமலை ஆய்வுக்கூடம் ஒன்றில் கொடிய உயிரினங்கள் நடமாட, இதே புதிரைத் தீர்த்தாக வேண்டும்.

இதற்கு ஹனாய் கோபுரம் என்று பெயர். 1883-இல் பாரிஸ் கடைகளுக்கு வந்தது. சீயத்தைச் சேர்ந்த பேராசிரியர் கிளவுஸ் என்பவர் தோன்கினிலிருந்து கொண்டுவந்ததாகப் பெட்டியில் அச்சிட்டிருந்தனர். பிரான்சு அப்போது தோன்கினில் போர் நடத்திக்கொண்டிருந்தது. ஆகவே ஹனாய் என்ற பெயர் அங்கு எல்லோருக்கும் தெரியும். ஆனால் கிளவுஸ் என்று ஒருவர் இல்லை! லூக்காஸ் என்ற பெயரின் எழுத்துகளை மாற்றிப்போட்டால் கிளவுஸ் வரும். எதுவார் லூக்காஸ் அமியேன் நகரில் பிறந்து, பாரிஸின் சேன் லூயி பள்ளியில் கணிதம் கற்பித்தவர்.

இப்புதிரோடு ஒரு கதையும் பரவியது. காசியில் ஒரு கோயிலில் மூன்று வைர ஊசிகள் உள்ளனவாம். ஒன்றில் பிரம்மன் 64 பொன் வட்டுகளை அடுக்கி வைத்தானாம். அர்ச்சகர்கள் இரவு பகலாக அவற்றை மாற்றி வருகிறார்களாம். கடைசி வட்டு இடம் சேரும் கணத்தில் உலகம் அழிந்துவிடுமாம். திகில் விளையாட்டுகளில் தோற்றால்தான் அழிவு. இங்கோ வென்றால் அழிவு!

அப்படி ஒரு கோபுரம் காசியில் இருந்ததில்லை. பாரிஸில் புனைந்த கதை அது. ஆனால் அதில் உள்ள கணக்கு உண்மை. 3 வட்டுகளுக்கு 7 நகர்த்தல்கள் வேண்டும், 4-க்கு 15, 5-க்கு 31. ஒரு வட்டு கூடும்போது முன்னதை இரட்டித்து ஒன்றைக் கூட்ட வேண்டும். 64 வட்டுகளுக்கு 18,446,744,073,709,551,615. சதுரங்கம் கண்டவன் அரசனிடம் கேட்ட தானிய மணிகளின் எண்ணிக்கையும் இதுவே. நொடிக்கு ஒன்றாக மாற்றினால் ஏறத்தாழ 58,450 கோடி ஆண்டுகள் ஆகும். இப்பேரண்டத்தின் வயதே சுமார் 1,380 கோடி ஆண்டுகள்தாம். ஆகவே நிம்மதியாக உறங்கலாம்.

இரண்டை மீண்டும் மீண்டும் பெருக்கி ஒன்றைக் கழித்து வரும் எண்கள் லூக்காஸின் ஆராய்ச்சிப் பொருளாகவும் இருந்தன. 127 முறை பெருக்கி ஒன்றைக் கழித்தால் வரும் 39 இலக்க எண் பகா எண் என்று 1876-இல் அவர் நிறுவினார். கணிப்பொறி இல்லாத காலம் அது!

இனி, வழியைச் சொல்வோம். ஒன்றுவிட்டு ஒரு நகர்த்தலில் மிகச் சிறிய வட்டை நகர்த்துங்கள். எப்போதும் ஒரே திசையில் சுற்றி வரட்டும். இடையிடையே, சிறிய வட்டைத் தொடாமல் செய்யக்கூடிய நகர்த்தல் ஒன்றே ஒன்றுதான் இருக்கும், அதைச் செய்யுங்கள். வட்டுகளின் எண்ணிக்கை ஒற்றைப்படையானால் சிறிய வட்டு முதலில் சேர வேண்டிய தண்டுக்கே செல்லட்டும். இரட்டைப்படையானால் மற்றத் தண்டுக்கு. இவ்வளவுதான். மூன்று நாணயங்களை வைத்து இப்போதே சோதித்துப் பாருங்கள், ஏழே நகர்த்தல்.

நம் பக்கத்துக் குதிரை

காசிக் கதை பொய்யென்றால், நம் நாட்டில் இத்தகைய புதிர்க்கலை இல்லையோ என்று நினைக்க வேண்டாம். பாகூரில் கிடைத்த பல்லவர் காலச் செப்பேடுகள், ஒன்பதாம் நூற்றாண்டில் நிருபதுங்கவர்மன் காலத்தில் அங்கிருந்த கல்விச்சாலைக்கு மூன்று ஊர்களை மானியமாக விட்ட செய்தியைக் கூறுகின்றன.

பாகூரிலிருந்து தெற்கே தென்பெண்ணையைக் கடந்தால் கடலூர். அதனருகே கெடிலக்கரையில் திருவயிந்திரபுரம். அங்குப் பல்லாண்டுகள் வாழ்ந்தவர் வேதாந்த தேசிகர் (1268-1369). அவருடைய வடமொழி நூலான பாதுகா சகஸ்ரத்தில் அடுத்தடுத்து இரு செய்யுள்கள் உள்ளன. ஒவ்வொன்றிலும் 32 எழுத்துகள். முதல் செய்யுளை எட்டு எட்டாக நான்கு வரிகளில் கட்டமிட்டு எழுதி, சதுரங்கக் குதிரை பாயும் முறையில் கட்டத்துக்குக் கட்டம் தாவிப் படித்தால் இரண்டாம் செய்யுள் வந்துவிடும்! குதிரை எந்தக் கட்டத்தையும் விடுவதில்லை. எதையும் இருமுறை மிதிப்பதுமில்லை. இன்றும் விளையாட்டுகளில் குதிரைப் புதிர்கள் வருகின்றன. அவற்றை ஆடும்போது, பக்கத்து ஊர்ப் புலவர் ஒருவர் அதைச் செய்யுளிலேயே தீர்த்துவிட்டார் என்பதை நினைவில் கொள்ளுங்கள்.

அஞ்சாத ஆடுகள்

பாட்டிமார் திண்ணையில் கரிக்கோடு கிழித்து ஆடிய ஆடு புலி ஆட்டமும் ஒரு திகில் விளையாட்டே. மூன்று புலிகள், பதினைந்து ஆடுகள், இருபத்து மூன்று புள்ளிகள். தமிழகத்துப் பழங்கோயில்கள் பலவற்றின் கல்தளத்தில் இதன் கோடுகளைக் காணலாம். புலி ஓர் ஆட்டைத் தாண்டி வெட்ட வேண்டுமானால், அந்த ஆட்டுக்குப் பின்னால் புள்ளி காலியாக இருக்க வேண்டும். பின்புள்ளியை மற்றோர் ஆடு காத்து நின்றால் புலியால் ஒன்றும் செய்ய இயலாது. பயந்து சிதறும் ஆடுகள் மடிகின்றன. அடுத்தடுத்து நிற்கும் ஆடுகள் புலியைக் கட்டிப்போடுகின்றன.

திகில் விளையாட்டு நம்மை வெல்வதும் இவ்வாறே. காலடி ஓசையும் இருட்டும் புதிரின் பகுதிகள் அல்ல. நம்மை அவசரப்படுத்த வைத்தவை. அவசரத்தில் கை நகர்கிறது, கருத்து நின்றுவிடுகிறது. பிறகு 'காசு கட்டினால் தாண்டலாம்' என்று சில கைபேசி விளையாட்டுகள் ஆசை காட்டுகின்றன. பெற்றோர் உழைத்த பணம் அந்த வழியில் போவானேன்?

அடுத்த முறை கதவு பூட்டிக்கொண்டால், ஆட்டத்தைச் சிறிது நிறுத்துங்கள். ஒரு தாளில் கட்டம் போடுங்கள். இது தீரக்கூடியதா, எத்தனை நகர்த்தல் வேண்டும், எதைத் தொடாமல் விட வேண்டும் என்று கேளுங்கள். பரிசு அறிவித்தவரின் வாக்கானாலும், காசிக் கோயிலின் பெயரால் வரும் கதையானாலும், அப்படியே நம்பாமல் கணக்குப் போட்டுப் பாருங்கள். திரைக்கு வெளியேயும் பூட்டிய கதவுகள் பல உண்டு. இப்பழக்கம் அங்கும் உங்களுக்குக் கைகொடுக்கும்.