ஏணியும் மரமும்

சாட்டிக் கரையில் நின்று நாம் காணும் கடல் பாக்கு நீரிணையோடு கலக்கிறது. அந்நீரிணையில் கடற்புல் மேய்ந்து வாழும் விலங்கு கடற்பசு. ஆவுளியா என்றும் அதனை அழைப்பர். இன்று அது அருகிவிட்டது. தோற்றத்தில் மீனை ஒத்தது. ஆயினும் நுரையீரலால் மூச்சுவிடுகிறது, கன்றுக்குப் பாலூட்டுகிறது. திமிங்கிலத்தைவிட யானையே அதற்கு நெருங்கிய உறவு.

இவ்வுறவைக் காட்டுவது பரிணாம மரம். கிளைநுனிகள் உயிரினங்கள், கிளை பிரியும் கணு அவற்றின் பொது மூதாதை. யானையிலிருந்து கடற்பசு பிறக்கவில்லை. ஐந்து கோடி ஆண்டுகளுக்கும் முற்பட்ட ஒரு கணுவிலிருந்து இரண்டும் கிளைத்தன.

டார்வின் 1837இல் தம் குறிப்பேட்டில் இத்தகைய மரமொன்றை வரைந்தார். 1859இல் வெளிவந்த 'உயிரினங்களின் தோற்றம்' நூலில் உள்ள ஒரே படமும் கிளைப்படமே. ஜெர்மானிய அறிஞர் ஹெக்கலோ 1874இல் வெளியிட்ட மரத்தின் உச்சியில் மனிதனை அமர்த்தினார். மனித இனங்களையும் மேலென்றும் கீழென்றும் அடுக்கினார். 1881இல் இலங்கைக்கு வந்து, வெலிகமையில் தங்கிக் கடலுயிர்களை ஆராய்ந்தவரும் இவரே. பேரறிஞரின் கையிலும் மரம் ஏணியாகிவிட்டது!

உண்மையில் இம்மரத்திற்கு உச்சி இல்லை. இன்று வாழும் உயிரினம் ஒவ்வொன்றும் வேரிலிருந்து ஒரே கால நீளத்தைக் கடந்து வந்ததே. மனிதர் அனைவரும் அதில் ஒரே நுனி. மரபணு ஆய்வும் இதனையே உறுதிசெய்கிறது.

1968இல் மாவிட்டபுரம் கோயில் வாயிலில் மக்களைத் தடுத்து நிறுத்தியது பிறப்பின் பேரால் எழுப்பப்பட்ட ஏணியே. இயற்கை அதனை ஆக்கவில்லை; மனிதர் ஆக்கினர். ஆகவே மனிதராலேயே அது தகர்க்கப்படும். வகுப்பறையில் மரத்தை வரையும் ஆசிரியர் இதையும் சொல்வாராக.