சிதம்பரத்தில் தீர்ந்த கணக்கு



நம் சங்கராபுரமும் சிதம்பரமும் ஒரே தென்னார்க்காடு மாவட்டமாக இருந்த காலம். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் 1929 முதல் 1941 வரை கணிதம் கற்பித்தவர் எஸ்.எஸ்.பிள்ளை. குற்றாலம் பக்கத்து வல்லத்தில் 1901இல் பிறந்தவர். ராமானுஜனைத் தெரிந்த அளவுக்கு இவரை நம்மவர்களுக்குத் தெரியாது.

எந்த முழு எண்ணையும் ஆறாம் அடுக்கு எண்களின் கூட்டலாக எழுத, அதிகபட்சம் எத்தனை எண்கள் வேண்டும்? 1770இல் வேரிங் என்ற ஆங்கிலேயர் எழுப்பிய கேள்வியின் ஒரு பகுதி இது.

703ஐ எடுத்துக்கொள்ளுங்கள். 2இன் ஆறாம் அடுக்கு 64. 3இன் ஆறாம் அடுக்கு 729. 703 < 729 என்பதால் 3க்கு இங்கே வேலையில்லை, 64உம் 1உம்தான். பதினொரு 64 போட்டால் 704, ஒன்று கூடிவிடுகிறது! பத்து 64 போட்டால் மீதி 63. அதற்கு 63 ஒன்றுகள். ஆக 73. இதுவரை எட்டாம் வகுப்புப் பிள்ளையே போட்டுவிடும். எந்த எண்ணுக்கும் 73க்கு மேல் தேவைப்படாது என்று நிறுவுவதுதான் கல்வராயன் மலை ஏறுவது மாதிரி. 1940இல் பிள்ளை ஏறிக் காட்டினார்.

ஹார்வர்டில் கூடிய உலகக் கணித மாநாட்டுக்குச் செல்லும் வழியில், 1950 ஆகஸ்ட் 31 அன்று கெய்ரோ அருகே விமான விபத்தில் இறந்தார். வயது 49.

ஐந்தாம் அடுக்குக்கான விடையை 1964இல்தான் சீனாவின் சென் சிங்ருன் நிறுவினார். அதற்கு 223ஐப் போட்டுப் பாருங்கள். 3இன் ஐந்தாம் அடுக்கு 243 என்பதை மறக்க வேண்டாம்.