குப்பைப் படங்களின் காசில் ஒரு நினைவு

போருக்குப் பிந்தைய ஜெர்மன் சினிமாவை நம்மில் பலர் 1962லிருந்து வாசிக்கப் பழகியவர்கள். ஓபர்ஹவுசனில் 26 பேர் கையெழுத்திட்ட அறிக்கை, பழைய சினிமா செத்தது என்ற பிரகடனம், பிறகு ஃபாஸ்பிண்டர், ஹெர்சாக். நானும் அப்படித்தான் வாசித்தேன். அந்த வாசிப்பில் ஆர்தர் பிரவுனர் வெறும் வியாபாரி, தூக்கிப் போட வேண்டிய ஆள். இப்போது மறுவாசிப்பு தேவைப்படுகிறது.

பிரவுனர் 1918ல் போலந்தின் வூட்ஜ் நகரில் யூதக் குடும்பத்தில் பிறந்தவர். நாஜிகள் கொன்ற அவருடைய உறவினர்கள் 49 பேர். தப்பிப் பிழைத்தவர் எங்கே போயிருக்க வேண்டும்? அவர் போனது பெர்லினுக்கு. 1946ல் சிசிசி என்ற படக் கம்பெனியை ஆரம்பித்தார். பின்னால் ஸ்பான்டவில் அவர் ஸ்டுடியோ போட்டது, முன்பு விஷவாயு ஆராய்ச்சி நடந்த இடத்தில்.

1948ல் 'மோரிட்டூரி' வந்தது. வதைமுகாமிலிருந்து தப்பியவர்கள் காட்டில் ஒளிந்து கிடக்கும் கதை. ஜனங்கள் கூச்சல் போட்டார்கள், படம் படுத்துவிட்டது. கடனை அடைக்க வருஷக்கணக்கானது. மறதியை அரசு மட்டும் உற்பத்தி செய்வதில்லை. டிக்கெட் கவுண்டரும் தணிக்கை செய்யும்.

பிரவுனர் அந்தத் தணிக்கைக்குப் பணிந்தார். பாட்டுப் படம், துப்பறியும் படம், எது ஓடுமோ அது. 1933ல் ஜெர்மனியை விட்டு வெளியேறிய ஃபிரிட்ஸ் லாங்கைத் திரும்ப அழைத்து எடுத்த 'எஷ்னாப்பூரின் புலி' 1959ல் வந்தது. உதய்பூரில் படப்பிடிப்பு, மகாராஜா வேஷத்தில் ஓர் ஐரோப்பிய நடிகர், நாட்டியக்காரி சீதாவாக ஹாலிவுட் நடிகை. நம்மை மற்றமையாகக் கட்டமைக்கும் அச்சு அசலான கீழைத்தேயவாதப் பிரதி. இன்னொன்றும் உண்டு. முகாம்களில் அடைபட்டிருந்த சிந்தி, ரோமா மக்களைத் துணை நடிகர்களாக்கிய படம் ரீஃபென்ஸ்டாலின் 'டீஃப்லாண்ட்'. அதில் உதவி இயக்குநராயிருந்த ஹரால்ட் ரைன்ல், 1961ல் பிரவுனருக்காக மபுசே படம் எடுத்தார். இதைப் பூசி மெழுக எனக்கு விருப்பமில்லை.

ஆனால் குப்பைப் படங்கள் அந்தக் கம்பெனியை உயிரோடு வைத்திருந்தன என்பதையும் சொல்லியாக வேண்டும். அங்கிருந்துதான் 1955ல் ஹிட்லர் கொலைமுயற்சி பற்றிய 'ஜூலை 20', 1970களில் யானுஷ் கோர்ச்சாக் பற்றிய படம், 1990ல் அக்னீஷ்கா ஹாலந்தின் 'யூரோப்பா யூரோப்பா', 2003ல் 'பாபி யார்' எல்லாம் வந்தன. 'யூரோப்பா யூரோப்பா' கோல்டன் குளோப் வாங்கியது. ஜெர்மன் தேர்வுக் குழுவோ அதை ஆஸ்காருக்கு அனுப்பவில்லை. 1948ல் தியேட்டரில் கேட்ட கூச்சல், நாற்பது வருஷம் கழித்துக் கமிட்டி மேஜையில் நாகரிகமாகத் திரும்பி வந்ததாகவே நான் இதைப் பார்க்கிறேன்.

பிரவுனர் 2019ல் 100 வயதில் இறந்தார். கலை x வணிகம் என்கிற இருமை எதிர்வு நமக்கு ரொம்ப வசதியானது. யாருடைய காசில் எந்த நினைவு பிழைத்தது என்று கேட்காமலிருக்க அது உதவுகிறது. சுத்தமான கைகளுக்காகக் காத்திருந்தால் அந்த 49 பேரின் கதையை யார் எடுத்திருப்பார்கள்? எனக்கு இன்னும் பதில் தெரியவில்லை. ஆனால் பிரவுனரைப் பார்த்துச் சிரிப்பதை நிறுத்திவிட்டேன்.