ஒரு துண்டு நிலமும் ஒரு கணக்கேடும்



நான் ஆசிரியத் தொழிலிற் புகுந்த புதிதில் ஒரு கிராமப் பாடசாலையிலே படிப்பித்தேன். பாடசாலையின் பின்புறத்தில் ஒரு தோட்டம் இருந்தது. கத்தரி, மிளகாய், வெண்டி, பயற்றை என்பன அங்கே பயிராயின. பிந்தி வந்த மாணவனையும், வீட்டுப்பாடம் செய்யாது வந்தவனையும் அத்தோட்டத்துக்குத் தண்ணீர் இறைக்க அனுப்புவது எங்கள் வழக்கம். காய்த்த காய்களோ ஆசிரியர் விடுதிக்குச் சென்றன. அம்மாணவருட் பெரும்பாலோர் கமக்காரரின் பிள்ளைகள். மண்வெட்டி பிடிக்க அவர்களுக்குப் பாடசாலை கற்பிக்க வேண்டியதில்லை. தோட்டம் என்பது தண்டனைக்குரிய இடம் என்ற ஒன்றையே நாங்கள் அவர்களுக்குப் புதிதாகக் கற்பித்தோம்.

இப்பிழையை நான் உணர்வதற்குப் பல ஆண்டுகள் சென்றன. அமெரிக்க நாட்டுக் கிராமச் சிறுவர் கழகங்களின் வரலாற்றைப் படித்தபோதே அதனை முற்றாக உணர்ந்தேன். அவ்வரலாற்றையே இன்று தங்கள் முன் எடுத்துக்கூற விரும்புகிறேன்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அமெரிக்க அரசு விவசாயக் கல்விக்குப் பெரும் வளங்களை ஒதுக்கியது. 1862ஆம் ஆண்டுச் சட்டத்தின் பயனாக, விவசாயத்தையும் பொறித்தொழிலையும் கற்பிக்கும் கல்லூரிகள் மாநிலங்களில் எழுந்தன. 1887ஆம் ஆண்டுச் சட்டம் அக்கல்லூரிகளோடு ஆராய்ச்சி நிலையங்களையும் சேர்த்தது. நல்ல விதை எது, எந்த மண்ணுக்கு எவ்வுரம் ஏற்றது என்பன போன்ற வினாக்களுக்கு அங்கே விடை காணப்பட்டது. ஆயின் அவ்விடை வயலை வந்தடையவில்லை. கல்லூரியிலிருந்து வந்தவர்களின் விரிவுரையைக் கேட்கக் கமக்காரர் திரண்டு வரவில்லை. புத்தகத்தைப் பார்த்துக் கமஞ் செய்தல் என்பது அவர்களிடையே ஓர் ஏளனப் பேச்சாகவே வழங்கியது.

இல்லினோய் மாநிலத்திலே மக்கூப்பின் என்னும் மாவட்டத்தில், வில் ஒட்வெல் என்பவர் விவசாயிகளுக்கான கூட்டங்களை நடத்திவந்தார். பெரியோர் வாராமை கண்டு சலித்த அவர், 1900ஆம் ஆண்டை ஒட்டிய காலத்தில் வேறொரு வழியை நாடினார். நல்ல சோள விதையை வருவித்துச் சிறுவருக்கு வழங்கி, விளைந்த கதிர்களுட் சிறந்தவற்றுக்குப் பரிசளிப்பதாக அறிவித்தார். ஏறக்குறைய 500 சிறுவர் விதை பெற்றனர். அறுவடைக்குப் பின்னர் அவர்கள் கதிர்களைச் சுமந்து வந்தபோது, தந்தையரும் உடன் வந்தனர். முன்னர் வெறிச்சோடிக் கிடந்த கூட்டம் நிரம்பி வழிந்தது. அறிஞரின் சொல்லுக்குச் செவிசாய்க்காத தந்தை, தன் மகனின் கையிலிருந்த கதிரைத் தன் வயற் கதிரோடு ஒப்பிட்டுப் பார்க்கத் தவறவில்லை.

ஒஹாயோ மாநிலத்தில் ஆல்பேட் கிரகாம் என்னும் கல்வி அதிகாரி, ஒரு கிராமப் பகுதியின் பாடசாலைகளுக்குப் பொறுப்பாக இருந்தார். 1902 சனவரி 15ஆந் திகதி, ஸ்பிறிங்பீல்ட் நகர நீதிமன்றக் கட்டடத்தின் நிலக்கீழ் அறையில், அவர் சிறுவரையும் சிறுமியரையும் கூட்டி ஒரு கழகத்தைத் தொடங்கினார். மண்ணின் புளிப்பைப் பாசிச்சாயத் தாள் கொண்டு சோதித்தல், நல்ல விதையைத் தெரிந்தெடுத்தல், சோளமும் மரக்கறியும் பூஞ்செடியும் வளர்த்தல் என்பன அவர்களுடைய பயிற்சிகளாயின. பிற்காலத்தில் அமெரிக்கா எங்கணும் பரவிய இயக்கத்தின் பிறப்பிடமாக இக்கழகத்தையே பலரும் சுட்டுவர். 1905ஆம் ஆண்டில் ஒஹாயோ மாநிலப் பல்கலைக்கழகம் கிரகாமை அழைத்து, விவசாய அறிவை ஊர்களுக்குக் கொண்டுசெல்லும் பணியை அவரிடம் ஒப்படைத்தது.

தென் மாநிலங்களின் நிலைமை வேறு. அங்கே பருத்தியைத் தின்றழிக்கும் காய்வண்டு கமக்காரரை வறுமையில் ஆழ்த்திக்கொண்டிருந்தது. சீமன் நாப் என்னும் முதியவர் அங்கே விவசாயத் திணைக்களத்தின் சார்பிற் பணிபுரிந்தார். காதாற் கேட்டதை மனிதன் ஐயுறுவான், கண்ணாற் கண்டதைக்கூட ஐயுறலாம், தன் கையாற் செய்ததை மட்டும் அவனால் ஐயுற இயலாது என்பது அவருடைய கொள்கை. 1907இல் மிசிசிப்பி மாநிலத்தின் ஹோம்ஸ் மாவட்டத்தில் வில்லியம் சிமித் என்னும் கல்வி அதிகாரி சிறுவர் சோளக் கழகம் ஒன்றை நிறுவியபோது, நாப் அதனைத் தம் பணியோடு இணைத்துக்கொண்டார். சில ஆண்டுகளுள் அத்தகைய கழகங்கள் தென்னாடெங்கும் பெருகின.

இக்கழகங்களின் விதிகளை நேயர்கள் சற்றுக் கூர்ந்து நோக்குதல் வேண்டும். சிறுவன் ஒவ்வொருவனுக்கும் ஓர் ஏக்கர் நிலம் ஒதுக்கப்பட வேண்டும். வேலையை அவனே செய்தல் வேண்டும். செலவையும் வரவையும் அவனே எழுதி வைத்தல் வேண்டும். பரிசுக்குரிய 100 புள்ளிகளில், விளைச்சலின் அளவுக்கு 30 புள்ளிகளே உரியன. இட்ட முதலுக்குக் கிடைத்த இலாபத்துக்கு 30, காட்சிக்கு வைத்த பத்துக் கதிர்களின் தரத்துக்கு 20, பயிரை வளர்த்த வரலாற்றை எழுதிய கட்டுரைக்கு 20 எனப் புள்ளிகள் வகுக்கப்பட்டிருந்தன. ஆகவே அளவின்றி உரமிட்டு விளைவித்தவன் இலாபக் கணக்கிலே பின்தங்கக்கூடும். உழைக்கத் தெரிந்தும் எழுதத் தெரியாதவன் கட்டுரையிலே தளரக்கூடும். எண்ணும் எழுத்தும் உழவும் ஒரே பாடமாயின.

1910இல் தென் கரோலினா மாநிலத்தைச் சேர்ந்த ஜெரி மூர் என்னும் பதினைந்து வயதுச் சிறுவன், ஓர் ஏக்கரில் 228 புசலுக்கும் மேலாகச் சோளம் விளைவித்தான். அவனுடைய மாநிலத்தில் அக்காலச் சராசரி விளைச்சல் ஏக்கருக்கு 20 புசலையும் எட்டவில்லை. எல்லாச் சிறுவரும் அவனைப் போல் விளைவித்தனரல்லர். எனினும் இந்த மண் இவ்வளவே தரும் என்று பெரியோர் வகுத்திருந்த எல்லையை ஒரு பிள்ளை தாண்டிவிட்டான் என்ற செய்தி ஊர்தோறும் பேசப்பட்டது.

பெண் பிள்ளைகளுக்கு இதில் இடமில்லையா? இவ்வினாவை எழுப்பியவர் தென் கரோலினாவின் ஏய்கின் மாவட்டத்துக் கிராம ஆசிரியை மேரி குரோமர். சிறுவர் கழகங்களைப் பற்றிய பேச்சொன்றை ஆசிரியர் கூட்டத்திலே கேட்டுத் திரும்பிய அவர், 1910இற் சிறுமியருக்கென ஒரு தக்காளிக் கழகம் அமைத்தார். ஒவ்வொருத்திக்கும் ஏக்கரின் பத்திலொரு பங்கு நிலம். யாழ்ப்பாணத்தார் கணக்கில் அஃது ஒன்றரைப் பரப்புக்குச் சற்று மேலாகும். அவர்கள் தக்காளியை விளைத்துப் பேணிகளில் அடைத்து விற்றனர். பரிசாகக் கல்லூரிப் புலமைப்பரிசில் வழங்கப்பட்டது. தன் கையால் ஈட்டிய பணத்தைத் தன் பெயரிலே எழுதிக்கொள்ளும் வாய்ப்பு அக்காலத்துக் கிராமப் பெண்ணுக்கு அரிதினும் அரிது. வட கரோலினாச் சிறுமியர் தம் தோட்ட வரலாறுகளை எழுதி, அட்டையில் ஓவியம் தீட்டி, நாடாவினாற் கட்டிய கையேடுகள் இன்றும் அம்மாநிலத்து ஆவணக் காப்பகத்திலே பேணப்படுகின்றன.

1914 மே 8ஆந் திகதி நிறைவேறிய சிமித் லீவர் சட்டம், இவ்விரிவாக்கப் பணிக்கு மத்திய அரசின் நிதியை நிலையாக வழங்கியது. தலை, இதயம், கைகள், உடல்நலம் என்ற நான்கினையும் குறிக்கும் நான்கிதழ்க் குளோவர் இலை கழகங்களின் சின்னமாயிற்று. இந்நான்கு சொற்களும் ஆங்கிலத்தில் எச் என்னும் எழுத்திலே தொடங்குவதனால், நான்கு எச் கழகம் என்ற பெயரும் நிலைத்தது.

இவ்வரலாற்றில் இருளும் உண்டு. அதனை மறைத்துப் பேசுதல் ஆசிரியனுக்கு அழகன்று. தென்னாட்டிலே கறுப்பினப் பிள்ளைகள் வெள்ளையர் கழகங்களிற் சேர்க்கப்படவில்லை. 1906இல் டஸ்கீகி கல்லூரியிலிருந்து கருவிகளையும் விதைகளையும் ஏற்றிய குதிரை வண்டி ஒன்று ஊர் ஊராகச் சென்றது. அதனை நடத்திய தோமஸ் கம்பெல், அரசின் விவசாய விரிவாக்கப் பணிக்கு நியமிக்கப்பட்ட முதற் கறுப்பின அலுவலர். அவர் போன்றோரின் உழைப்பினாற் கறுப்பினப் பிள்ளைகளுக்கும் கழகங்கள் தோன்றின. ஆயினும் அவர்களுக்குக் கிடைத்த நிதி சிறிது. வாஷிங்டனில் நடைபெற்ற தேசிய முகாமிலும் அவர்களுக்கு இடமில்லை. 1948இலே அவர்களுக்கெனத் தனி முகாம் தொடங்கப்பட்டது. 1964ஆம் ஆண்டுக் குடியியல் உரிமைச் சட்டத்தின் பின்னரே இப்பிரிவினை சட்டப்படி நீங்கியது. பங்குக் குத்தகைக்கு உழுதவனின் மகனுக்குச் சொந்தமாக ஓர் ஏக்கரை யார் ஒதுக்குவார் என்ற வினாவுக்கும் கழகத்தின் விதிகளில் விடை இருக்கவில்லை.

இளைஞர் நகரத்துக்கு ஓடாது தடுப்பதும் இக்கழகங்களை ஆதரித்த பலரின் நோக்கமாயிருந்தது. அந்நோக்கம் நிறைவேறவில்லை. 1910இல் அமெரிக்க மக்களுள் மூன்றிலொரு பங்கினர் கமங்களிலே வாழ்ந்தனர். இன்று அவர்கள் நூற்றுக்கு இருவருக்கும் குறைவு. ஆனால் ஊரை விட்டுச் சென்றவனும், கணக்கெழுதவும் சோதித்துப் பார்க்கவும் சபையில் எழுந்து பேசவும் கற்றே சென்றான். ஊரிலே தங்கியவன் தந்தையின் வழக்கத்தை வினாவும் துணிவைப் பெற்றான்.

இம்முயற்சி கடல் கடந்தும் சென்றது. இங்கிலாந்தில் 1921ஆம் ஆண்டு டெவன் பகுதியின் ஹெமியொக் கிராமத்திலே கன்று வளர்க்கும் சிறுவர் கழகம் ஒன்று தோன்றியது. நமது நாட்டிலும் 1912இல் அமைக்கப்பட்ட விவசாயத் திணைக்களம் பிற்காலத்தில் இளம் விவசாயிகள் கழகங்களை ஊர்களிலே வளர்த்தது. பாடசாலைத் தோட்டமோ நமக்கு ஒரு நூற்றாண்டுக்கு மேற்பட்ட பழக்கம். ஆகவே தோட்டம் நமக்குப் புதிதன்று. அத்தோட்டம் யாருடையது என்ற வினாவே நாம் கேளாது விட்டது.

நான் அதிபரானபின் அந்த வினாவைக் கேட்டேன். விவசாயம் கற்கும் மாணவர்க்கு, இருவருக்கு ஒரு பாத்தியாக நிலத்தைப் பங்கிட்டேன். காயும் அவர்களுடையது, காசும் அவர்களுடையது. கணக்கேட்டை மட்டும் எனக்குக் காட்டுதல் வேண்டும் என்றேன். முதற் போகத்தின் முடிவில் ஒரு மாணவி தன் ஏட்டைக் கொணர்ந்தாள். மிளகாய்ச் செய்கையில் அவளுக்கு நட்டம். உரத்துக்குச் செலவிட்ட தொகையின் கீழே கோடிட்டு, அடுத்த முறை மாட்டெரு போடுவோம் என்று அவளே எழுதியிருந்தாள். அவளுடைய தந்தை ஒரு மாலை அந்த ஏட்டைக் கேட்டு வாங்கி நெடுநேரம் பார்த்தாராம். பின்பு, தம்முடைய தோட்டத்துக் கணக்கையும் எழுதித் தரும்படி மகளைக் கேட்டாராம்.

முன்னொரு காலத்தில் நான் தண்ணீர் இறைக்க அனுப்பிய பிள்ளைகளை அன்று நினைத்துக்கொண்டேன். அவர்களுக்கும் ஆளுக்கொரு பாத்தியைக் கொடுத்திருக்கலாம். வாளி இருந்தது, கிணறும் இருந்தது.