ஏ.கே. செட்டியார்: ஆவணப்படத் துறையின் தமிழ் முன்னோடி

பயண எழுத்தாளர், புகைப்படக் கலைஞர், இதழாசிரியர், ஆவணப்பட இயக்குநர் எனப் பல துறைகளில் இயங்கிய ஏ.கே. செட்டியார் (அ. கருப்பன் செட்டியார்) 1911இல் கோட்டையூரில் பிறந்தார். ரங்கூனில் 'தனவணிகன்' இதழை நடத்தினார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றார்.

1937 அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளின் செல்லும் கப்பலில் இருந்தபோதுதான் காந்தியைப் பற்றி ஒரு படம் எடுக்கவேண்டும் என்ற எண்ணம் அவருக்குத் தோன்றியது. அன்று காந்தி பிறந்த நாள். செட்டியாருக்கு 26 வயதுகூட நிரம்பவில்லை.

காந்தியைப் புதிதாகப் படம்பிடிப்பதைவிட, ஏற்கெனவே பிடித்தவற்றைத் தேடிச் சேர்ப்பதே அவருடைய பெரும் வேலையாக இருந்தது. முப்பது ஆண்டுகளில் நூறு பேர்வரை எடுத்திருந்த துண்டுப் படங்கள் பல நாடுகளில் சிதறிக் கிடந்தன. லண்டன், தென்னாப்பிரிக்கா என ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் அலைந்து 50,000 அடி படச்சுருள் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்து தொகுத்தார். 35 மி.மீ. கணக்கில் இது இரண்டு மணிநேரத்துக்குச் சற்று மேல்.

வெஸ்ட் ஈலிங்கில் வசிக்கும் எனக்கு, ஈலிங் ஸ்டூடியோவைக் கடக்கும்போதெல்லாம் ஓர் ஒப்பீடு மனதில் எழும். பிரிட்டிஷ் ஆவணப்பட இயக்கத்தில் பெயர் பெற்ற கவல்காந்தி, அரசின் தபால்துறைப் படப்பிரிவை விட்டு இந்த ஸ்டூடியோவுக்கு வந்தது 1940இல். அதே ஆண்டு ஆகஸ்ட் 23 அன்று செட்டியாரின் 'மகாத்மா காந்தி' தமிழ் விளக்கவுரையுடன் சென்னையில் வெளியானது. லண்டனில் அரசுப் பணம் இருந்தது. செட்டியாரோ அரசுக்கு உவப்பில்லாத ஒரு மனிதரைப் பற்றி, போர்க்காலத்தில், அரசின் துணையில்லாமல் படம் வெளியிட்டார். நம்மவர்களில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

1947இல் இந்தி வடிவம் டில்லியில் காட்டப்பட்டது. 1953இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் வந்தது. இந்த ஆங்கில வடிவத்தின் பிரதியைப் பல ஆண்டுகளுக்குப் பின் சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் ஆய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி கண்டறிந்தார். 1940இன் தமிழ்ப் படம் கிடைக்கவில்லை. உலகெங்கும் அலைந்து சுருள் சுருளாகச் சேர்த்தவரின் சொந்தப் படத்தைத் தமிழர் காப்பாற்றி வைக்கவில்லை என்பது வேதனைக்குரியது.

1943இல் அவர் தொடங்கிய 'குமரி மலர்' பழைய கட்டுரைகளையும் ஆவணங்களையும் தேடியெடுத்து மறுபதிப்புச் செய்தது. படம் உருவான கதையையும் அதில் எழுதினார். அக்கட்டுரைகள் வேங்கடாசலபதி பதிப்பில் 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாக வந்துள்ளன. தன்னைப் பற்றி மிகக் குறைவாகவே பேசும் நடை அவருடையது. செட்டியார் 1983இல் காலமானார்.